நேரான முகம்

"என் மூஞ்சி இப்படிக் கோணலாவா இருக்கு? கேமராவைத் துடைச்சிட்டு எடுங்க தம்பி."

அந்த அம்மாள் வேண்டாமென்று தள்ளிய நான்காவது படம் அது. புது வீட்டுச் சுவரில் மாட்ட மகள் கேட்டிருந்தாள்.

"ஆண்டவன் கொடுத்ததைத்தானேம்மா கேமரா எடுக்கும்?" என்றார் ஸ்டூடியோக்காரர்.

"ஆண்டவன் நேராத்தான் கொடுத்தான். காலையில கண்ணாடி பார்த்துட்டுத்தான் வந்தேன்."

பெஞ்சில் அவள் கணவர் பேப்பருக்குள் புதைந்திருந்தார்.

"ஏங்க, இந்தப் படம் எப்படி இருக்கு?"

"நல்லா இருக்கு."

"பார்க்காமலே சொல்றார் பாருங்க! கல்யாணமான நாள்லேருந்து இதே பாட்டுதான். புதுப் புடவை கட்டினாலும் நல்லா இருக்கு, காய்ச்சல்ல முகம் வத்திக் கிடந்தாலும் நல்லா இருக்கு. இந்த மனுஷன் என்னை ஒரு நாளாவது நிமிர்ந்து பார்த்திருப்பாரா? நீங்களே சொல்லுங்க."

ஸ்டூடியோக்காரர் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஆனால் அவருக்கு ஒரு வழி தெரியும். கண்ணாடியில் நமக்குத் தெரிவது இடம் வலம் மாறின முகம். விவரம் தெரிந்த நாளிலிருந்து அதையே பார்த்துப் பழகிவிட்டோம். படத்தில் உள்ளபடி வந்தால் அதுதான் கோணலாகத் தெரியும்.

அதே படத்தைச் சத்தமில்லாமல் இடம் வலமாகத் திருப்பிப் போட்டார்.

"சரி பண்ணிட்டேன், பாருங்கம்மா."

"ஆங்! இதுதான் நான்! இதை முதல்லயே செஞ்சிருந்தா இவ்வளவு நேரம் ஆகியிருக்குமா?" முகமெல்லாம் சிரிப்பு. "ஏங்க, ஒரே ஒரு தடவை நிமிர்ந்து பாருங்க. சுவத்துல மாட்டப் போறது. நல்லா இருக்குல்ல?"

கணவர் பேப்பரைத் தாழ்த்தினார். பார்த்தார்.

"நல்லா இல்ல."

"என்னது!"

"யாரோ மாதிரி இருக்கு. நீ சிரிச்சா இடது புருவம்தானே மேல ஏறும்? இதுல வலது ஏறி நிக்குது. கன்னத்துக் குழியும் பக்கம் மாறிப் போச்சு."

சொல்லிவிட்டு மறுபடி பேப்பருக்குள் போய்விட்டார்.

அவள் தன் இடது புருவத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"தம்பி," என்றாள் அவள் மெதுவாக, "அந்தக் கோணல் படமே இருக்கட்டும்."