முதல் கவளம்

கிட்ட வாருங்கள் கண்ணுகளா, ஒரே ஒரு கவளத்தின் கதை இது. செம்மதில் நகரமும் நீர்வாயில் நகரமும் சமாதானத்தை ஓலையில் எழுதுவதில்லை. ஓர் ஊரில் போருக்கு அதிகம் பேரைப் பறிகொடுத்தவர், மற்ற ஊரில் அதிகம் பறிகொடுத்தவருக்குத் தன் கையால் ஊட்ட வேண்டும். அவர் விழுங்கினால் சமாதானம். கவளம் மண்ணில் விழுந்தால் மறுபடி போர். நான்கு மகன்களை இழந்த செம்மதில் கொற்றி, இரு படைகளுக்கும் நடுவே உட்கார்ந்து சோறு பிசைந்தாள். முந்தானையில் முடிந்து கொண்டுவந்த அரளி விதைப் பொடியைக் கவளத்துக்குள் வைத்து உருட்டியதை யாரும் பார்க்கவில்லை. எதிரே நீர்வாயில் கிழவர் ஆதன் வாயைத் திறந்தார்.

“விஷம் வெச்சிருப்பா, தின்னாதீங்க பெரியவரே!” என்று அவர் படையிலிருந்து ஒருவன் கத்தினான்.

“வெச்சிருந்தாலும் குடு தாயி,” என்றார் ஆதன். “எனக்குச் சோறு போட வீட்ல ஒருத்தரும் மிச்சமில்ல.”

கவளத்தோடு நீட்டிய கொற்றியின் கை அப்படியே நின்றது.

“இருங்கண்ணே, உப்பு பாத்துக்கறேன்,” என்ற கொற்றி, அந்தக் கவளத்தைத் தன் வாயில் போட்டு விழுங்கினாள். கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவினாள். பிறகு பானையிலிருந்து புதுச் சோற்றை எடுத்து அவசர அவசரமாகப் பிசையத் தொடங்கினாள்.

உங்கள் வீட்டில் உண்ணும் வாயும் ஊட்டும் கையும் என்றைக்கும் குறையாதிருக்கட்டும், செல்லங்களா.