மிரோ பூட்ஸைக் கழற்றிய நாள்

அந்த வெளிநாட்டுப் படைமுகாமில் தவசீலன் மருத்துவ உதவியாளனாக நடித்துக்கொண்டிருந்த உளவாளி. ஒரு பள்ளிக்கூடத்தில் நாற்பது பேரைச் சுட்டுக்கொன்ற சிப்பாயைத் தேடி வந்திருந்தான். தப்பிப் பிழைத்த ஒரே பெண் அன்று மேசைக்கடியில் ஒளிந்து கிடந்தாள். கொன்று முடித்தவன் பூட்ஸைக் கழற்றி ரத்தத்தைக் கழுவியபோது அவன் காலை மட்டும்தான் பார்த்தாள். இடது காலில் இரண்டு விரல்கள் ஒட்டிப் பிறந்திருந்தன.

பாதப் பரிசோதனை என்று சொல்லி தவசீலன் எட்டு மாதத்தில் எல்லோர் காலையும் பார்த்துவிட்டான். மிச்சம் மிரோ ஒருவன்தான். தவசீலன் காய்ச்சலில் கிடந்தபோது மூன்று நாள் பக்கத்திலிருந்து கஞ்சி ஊட்டியவன். பூட்ஸைக் கழற்றச் சொன்னால் மட்டும் நழுவிவிடுவான்.

இன்று மேலதிகாரியே உத்தரவு போட்டுவிட்டார். மிரோ முகம் சிவக்க உட்கார்ந்து கழற்றினான்.

"ரொம்ப நாறும், டாக்டர். அதான் கூச்சம்."

நாறத்தான் செய்தது. தவசீலன் இடது கால் விரல்களை ஒவ்வொன்றாக விலக்கிப் பார்த்தான். ஐந்தும் தனித்தனியாக இருந்தன. இனி வேறு முகாம், வேறு பெயர், எல்லாம் முதலிலிருந்து. அது அப்போது அவனுக்குப் பெரிதாகவே படவில்லை.

"முடிஞ்சுதா?" என்றான் மிரோ.

"இன்னும் கொஞ்சம் இரு" என்று தவசீலன் அந்தக் காலைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு, ஈரத்துணியால் மெதுவாகத் துடைக்க ஆரம்பித்தான்.