முதலில் கடலைத் தொடு

புயலில் படகு கவிழ்ந்து மீனவன் ஒருவன் தத்தளித்துக்கொண்டிருந்தான். கடற்படை ஹெலிகாப்டர் அவன் தலைக்கு மேலே வந்து நின்றது. அதன் கம்பிவடத்தில் தொங்கிய புதுக் கொக்கிக்கு இருப்புக்கொள்ளவில்லை.

"அண்ணே, கையை நீட்டுறான்! என்னை நேரா அவன்கிட்ட இறக்குங்க!"

"முதல்ல கடலைத் தொடு. நம்ம படைப்பிரிவு தொடங்கின நாள்லேர்ந்து அதுதான் வழக்கம்."

"ஆள் முங்குறான், இப்பப் போயி சடங்கா?"

ஹெலிகாப்டர் கொக்கியைத் தண்ணீரில் இறக்கியது. அவ்வளவுதான்! இறக்கைகள் காற்றைக் கிழித்துக் கிழித்துச் சேர்த்திருந்த மின்சாரம் அத்தனையும் கொக்கி வழியாகச் சுளீரென்று கடலுக்குள் பாய்ந்தது.

"அம்மாடி! இதையா அவன் கையில கொடுக்கப் பார்த்தேன்?"

அதற்குப் பிறகுதான் மீனவனின் விரல்கள் கொக்கியை இறுகப் பற்றின. அவனைவிடக் கொக்கிதான் அதிகம் நடுங்கிக்கொண்டிருந்தது.