சம்பந்திக்கு ஒரு கரண்டி சீனி

“இந்த வெயிலுக்குள்ளயும் மலை ஏறுற சப்பாத்தோட வந்திருக்கினம்” என்றார் சிவமலர்.

“மெல்லக் கதையும்” என்றார் கணவர் பாலேந்திரா.

“ஏனப்பா? தமிழ் விளங்கவே போகுது? அந்த மனிசனின்ர மீசையைப் பாருங்கோ. போத்தல் கழுவுற பிரஷ் மாதிரி.”

எதிர்ச் சோபாவில் கார்லாவும் செப்பும் சிரித்தபடி இருந்தார்கள். மகள் றூபினி கட்டப்போகும் லூக்காவின் தாய், தகப்பன். யாரும் சொல்லாமலே சப்பாத்தை வாசலில் கழற்றி வைத்திருந்தார்கள். அவர்களுடையது மலைக்கு மேலே ஒரு சின்ன ஊர். பாதிப் பேருக்கு இத்தாலியன், பாதிப் பேருக்கு ஜெர்மன். இருவருக்கும் ஆங்கிலம் வராது.

றூபினியும் லூக்காவும் வந்த ட்ரெயின் லண்டன் வெம்பிளி பார்க்கில் நின்றுவிட்டது. “நீங்கள் பாட்டுக்குக் கதைச்சுக்கொண்டிருங்கோ அம்மா” என்று போனில் சொல்லியிருந்தாள். எந்தப் பாஷையில் என்று சொல்லவில்லை.

பாலேந்திரா மொழிபெயர்க்கும் ஆப்பைத் திறந்து போனை நீட்டினார். கார்லா கையை ஆட்டி வேண்டாம் என்றார்.

“ரெக்கோட் பண்ணுறம் எண்டு நினைக்கிறா போல.”

செப் ஜெர்மனில் ஏதோ சொன்னார். கார்லா இத்தாலியனில் பதில் சொன்னார். மறுபடியும் அவர் ஜெர்மன், இவர் இத்தாலியன்.

“புருசன் ஒரு பாஷை, பொண்சாதி ஒரு பாஷை. இப்பிடியே குடும்பம் நடத்தியிருக்கினம்!”

“நாங்கள் ஒரே பாஷையில கதைச்சு என்னத்தைக் கண்டனாங்கள்?”

செப் தேநீர்க் கோப்பையைக் காட்டி ஏதோ சொன்னார்.

“சீனி காணாதாம்.” பாலேந்திரா ஒரு கரண்டி போட்டார். செப் பதறிக் கையை உயர்த்தினார். இன்னொரு கரண்டி விழுந்தது.

சிவமலரின் மனம் தேநீரில் இல்லை.

“எனக்கு ஒரே யோசினை. தாலி கோயில்ல கட்டவேணும். இவை தங்கட சேர்ச்சிலதான் எண்டு நிண்டால் என்ன செய்யிறது? என்ர ஒரே பிள்ளை, அப்பா.”

குரல் உடைந்தது. கார்லா எழுந்து வந்து பக்கத்தில் இருந்தார். கையைப் பிடித்துக்கொண்டு இத்தாலியனில் நீளமாகக் கதைத்தார்.

“பாவம், பாத்றூம் எங்கையெண்டு கேக்கிறா.”

சிவமலர் கூட்டிப்போனார். கார்லா கதவுக்குள் எட்டிப் பார்த்தார். தலையை ஆட்டினார். சிரித்துக்கொண்டே திரும்பி வந்தார்.

அப்போது வாசல் கதவு திறந்தது. றூபினி. பின்னால் லூக்கா.

“வந்திட்டியே! முதல்ல இவையிட்டக் கேள், கோயில்ல தாலி கட்டச் சம்மதமோ எண்டு.”

றூபினி வாயைத் திறக்குமுன் கார்லா இத்தாலியனில் பொரிந்து தள்ளினார். லூக்கா சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். அவன் தோள்கள் குலுங்கின.

“அம்மா, அதுக்கு அவ அப்பவே ஓம் எண்டு சொல்லிட்டாவாம். சீலையும் வாங்கிட்டாவாம். நீங்கள்தான் கூட்டிக்கொண்டு போய்ப் பாத்றூமைக் காட்டினீங்களாம்.”

“நான் தமிழிலயெல்லே கதைச்சனான்!”

“நான்தான் சொன்னனே, நீங்கள் பாட்டுக்குக் கதையுங்கோ எண்டு. அந்த ஊரில ஒவ்வொருத்தரும் தன்ர பாஷையைக் கதைப்பினம், மற்றவையின்ர பாஷையைக் கேட்டு விளங்கிக்கொள்ளுவினம். அதுதான் அங்க மரியாதை. இவையின்ர ஹோட்டல் குசினியில கனகாலமாச் சமைக்கிறது பருத்தித்துறை கிருசாந்தன் அண்ணை. அவர் தமிழைத் தவிர ஒண்டும் கதைக்கமாட்டார்.”

செப் தன் மீசையை ஒருமுறை தடவிவிட்டு, சீனித் தேநீரைப் பாலேந்திராவின் பக்கம் மெல்ல நகர்த்தினார்.