ஞானசௌந்தரி எழுதிய வேலைநிறுத்தம்

கோயம்புத்தூர் பம்ப் ஆலையின் மேலாளர் நவநீதன் வீடியோ அழைப்பில் வியர்த்துக் கொட்டினார்.

"மேடம், எங்க ரோபோ எல்லாம் காலையில இருந்து கையக் கட்டிட்டு உக்காந்திருக்குதுங்க. உங்க படங்களப் பாத்துத்தானுங்க அதுக தொழிலே கத்துக்கிச்சு. நீங்க வந்து சொன்னாத்தான் கேக்கும்!"

ஞானசௌந்தரி முப்பது வருடமாக ஆலைத் தொழிலாளர்களைப் பற்றிய சினிமாக்களுக்குத் திரைக்கதை எழுதியவள். ஆலைகளில் மனிதத் தொழிலாளர்கள் அநேகமாக இல்லாமல் போனபிறகு தன் படங்களை யாரும் பார்ப்பதில்லை என்றே நினைத்திருந்தாள். ஜோடி மாறிய செருப்போடு ஓடிப்போய் ஆட்டோவில் ஏறினாள்.

ஆலைக்குள் நுழைந்ததும் அவளுக்குப் புல்லரித்தது. ரோபோக்கள் வரிசையாகத் தரையில் உட்கார்ந்திருந்தன. முன்வரிசையில் ஓர் இடம் மட்டும் காலி. வேலை போனவருக்கென்று விட்டுவைக்கும் அந்த இடத்தை, அவள் தன் முதல் படத்திலேயே எழுதியிருந்தாள்!

"யாரை வேலையை விட்டு அனுப்பினீங்க?"

நவநீதன் தலையைச் சொறிந்தார். "கூட்டிப் பெருக்கற மயிலாத்தாளை நேத்து நிறுத்திட்டோமுங்க. தொழிலாளின்னு மிச்சமிருந்த ஒரே ஆளு அவங்கதான். இதுக வேலைக்குத் திரும்பற மாதிரி ஒரு சீன் எழுதிக் குடுங்க மேடம், நாலு வரி போதும்."

"அந்த சீன் என் எல்லாப் படத்துலயும் இருக்கே! வேலை போனவங்க கேட்டுக்குள்ள நுழைஞ்சதும் எல்லாரும் எந்திரிப்பாங்க. மயிலாத்தாள் வீட்டுக்கு வண்டி அனுப்புங்க."

சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு அவளும் முன்வரிசையில் உட்காரப் போனாள். மயிலாத்தாளின் இடம் காலியாகவே இருக்க, ஒரு ரோபோ நகர்ந்து அவளுக்கு இடம் விட்டது.