பள்ளம்

கொங்குப் பக்கம் ஓடையைப் பள்ளம் என்றுதான் சொல்வார்கள். தன் தோட்டத்தை ஒட்டிய பள்ளம் மண்மேவித் தண்ணீர் ஓடாமல் தேங்கிப்போகவே, பாவாத்தாள் அரசாங்கத்தின் குறைகேட்கும் இயந்திரத்துக்குப் போன் போட்டாள்.

"பள்ளத்தைக் கொஞ்சம் சரிபண்ணிக் குடுங்க, சாமி."

இயந்திரத்துக்குத் தெரிந்த பள்ளமெல்லாம் ரோட்டுக் குழிதான். விடிந்ததும் ஆளில்லாத வண்டிகள் வந்தன. மலையடிவாரம் தொட்டு ஆறுவரைக்கும் ஜல்லி கொட்டி, சிமெண்ட் பூசி, ஓடையைத் தரையோடு தரையாக்கிவிட்டுப் போயின. ஓடையிலிருந்து வந்த கசிவு நின்றதில் அவள் கிணறும் வற்றிவிட்டது.

மறுபடி கூப்பிட்டு அழுதாள். "பள்ளத்தையே காணமுங்க!"

"மகிழ்ச்சி அம்மா," என்றது இயந்திரம். "பக்கத்தில் வேறு பள்ளம் ஏதும் உண்டா?"

பாவாத்தாள் கிணற்றை எட்டிப் பார்த்தாள். அடியில் வெறும் பாறை தெரிந்தது.

"ஒண்ணு இருக்குதுங்க," என்றாள். "அதையும் மூடிருங்க."