எக்ஸ்ரேயில் தெரியாத முறிவு

மணிலாவின் மத்தியான மழை, நோய்களுக்குக் கோட் நம்பர் போடும் மெடிக்கல் கோடிங் அலுவலகத்தின் கண்ணாடியில் வழிந்துகொண்டிருக்கிறது. ரொமெலின் திரையில், அமெரிக்காவில் எங்கோ ஊஞ்சலிலிருந்து விழுந்த சிறுமியின் மருத்துவக் குறிப்பு. “மரிவிக் அக்கா, எக்ஸ்ரேல ஒண்ணுமே இல்லைங்கறாங்க. டாக்டர் மட்டும் முன்கை வளர்ச்சித்தட்டுல முறிவு, முதல் வகைன்னு எழுதியிருக்கார். சுளுக்குக்கான கோட் நம்பரையே போட்டுடவா?” பக்கத்து இருக்கையில் மரிவிக், கடித்த வாழைப்பழ வறுவலைக் காகிதத்தில் வைத்துவிட்டு விரல் சர்க்கரையை நக்குகிறாள். “டாக்டர் எழுதினதை மாத்த நீ யாருடா? வளர்ற எலும்போட நுனியில இருக்கற அந்தத் தட்டு வெறும் குருத்தெலும்பு. அதுல விழற முறிவு படத்துல ஒளிஞ்சுக்கும், அமுக்கினாத்தான் வலிக்கும். சுளுக்குன்னு போட்டா அந்தக் கை ஒழுங்கா வளருதான்னு யாரும் திரும்பக் கூப்பிட்டுப் பார்க்க மாட்டாங்க.” ரொமெல் தன் மணிக்கட்டையே அமுக்கிப் பார்க்கிறான். “பார்க்கலேன்னா என்னக்கா ஆகும்?” மரிவிக் ஸ்வெட்டர் கைகளை மேலே ஏற்றுகிறாள். இரண்டு முழங்கைகளையும் மேசையில் சேர்த்து ஊன்றி, உள்ளங்கைகளை ஒட்டவைக்கிறாள். இடக்கை விரல்கள் வலக்கை விரல்களின் மேல்கணுவோடு நின்றுவிடுகின்றன. திரை வெளிச்சத்தில் வலக்கை நகங்கள் மட்டும் தனியே மினுங்குகின்றன. “சின்ன வயசுல கொய்யா மரத்துலேர்ந்து விழுந்தேன். எங்க ஊர்ல நீவிவிடற ஹிலோட் வைத்தியர், எண்ணெய் போட்டு உருவிட்டு, சுளுக்குன்னுதான் சொன்னார்.”